என்ஜின் இல்லாத தபால் ஜீப்: வேறு யாராவது பார்த்திருக்கிறீர்களா?

கண்ணாடிமூக்கன்
அமெரிக்காவில் சாக்ரமெண்டோ பக்கம், போன வருடம். ஒரு தாத்தா வீட்டு வாசலில் பழைய சாமான் விற்றுக்கொண்டிருந்தார். ஓரமாக ஒரு வெள்ளை தபால் ஜீப், டிஜே-5 என்ற அந்த டப்பா வடிவ மாடல்தான். ஸ்டியரிங் நம்மூர் மாதிரி வலது பக்கம், அதனால் ஆசையாகப் போய் பானட்டைத் தூக்கினேன். என்ஜினைக் காணோம். பெரிய பெட்டி ஒன்று மட்டும். "யாரோ என்ஜினைக் கழற்றிக்கொண்டு உங்கள் தலையில் கட்டிவிட்டார்கள்" என்று சிரித்தேன்.

அவர் ஒன்றும் பேசவில்லை. ஏறி உட்கார்ந்தார். 'டக்' என்று ஒரு சத்தம், அவ்வளவுதான். வண்டி என்னைத் தாண்டி கேட் வரை போய் நின்றது. "இதில் என்ஜின் எப்போதுமே இருந்ததில்லை" என்றார். ரிட்டயர் ஆன தபால்காரராம். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றைக்கும் கூசுகிறது.

ஏஎம் ஜெனரல் என்ற கம்பெனி 1970-களின் நடுவில், பெட்ரோல் தட்டுப்பாட்டுக்கு அப்புறம், அமெரிக்கத் தபால்துறைக்குச் செய்துகொடுத்த 350 வண்டிகளில் ஒன்று. உலகத்தின் முதல் மின்சாரத் தபால் வண்டி!

பெர்லின்வாசி
முதலா? 1920-களிலேயே ஜெர்மன் தபால்துறை பெர்லினில் பெர்க்மான் மின்சார வண்டிகளில் பார்சல் கொடுத்தது. நான் ஒன்றை மியூசியத்தில் பார்த்தேன். பக்கத்தில் நின்ற பாட்டி கயிற்றைத் தாண்டிக் கை நீட்டி மட்கார்டைத் தடவினார். காவலாளி அதட்டியும் கையை எடுக்கவில்லை. ஏன் என்று கேட்டிருக்கலாம். கேட்காமல் வந்துவிட்டேன்.

பேட்டரி சுப்பு
இரண்டு பேர் சொல்வதும் தப்பு. 1899 ஜூலையில் அமெரிக்காவின் பஃபலோ நகரத்தில் கொலம்பியா மின்சாரக் காரில் 40 தபால் பெட்டிகளை ஒன்றரை மணி நேரத்தில் காலி செய்து காட்டினார்கள். குதிரை வண்டிக்கு ஆகும் நேரத்தில் பாதிகூட இல்லை. அது சோதனை ஓட்டம்தான் என்று யாரும் கிளம்ப வேண்டாம், சோதனையும் ஓட்டம்தான்.

நானும் ஒரு முறை அந்த ஜீப்பைப் பார்த்தேன், சார்ஜில் கிடந்தது, அமில வாடை மூக்கில் ஏறியது. அது இருக்கட்டும். கண்ணாடிமூக்கன், லெட் ஆசிட் பேட்டரியை விளையாட்டாக நினைக்காதீர்கள். டிஸ்டில்டு வாட்டர் மட்டும்தான், குழாய்த் தண்ணீர் கூடவே கூடாது. முழு சார்ஜ் ஏறிய பிறகு ஊற்றுங்கள், முன்னால் ஊற்றினால் பொங்கி வழியும். உள்ளே இருக்கும் ஈயத் தகடு தெரிகிற அளவுக்கு வற்றியிருந்தால் மட்டும், அது மூழ்குகிற வரை முதலிலேயே ஊற்றலாம். சார்ஜ் இறங்கிய நிலையில் மாதக்கணக்கில் போட்டுவைத்தால் தகட்டில் சல்பேட் படிந்து இறுகிவிடும், அப்புறம் எடைக்குத்தான் போடவேண்டும். சார்ஜ் ஏறும்போது ஹைட்ரஜன் வரும், ஷெட் கதவைத் திறந்து வையுங்கள், பக்கத்தில் பீடி சிகரெட் ஆகாது. அமிலத்தின் அடர்த்தியைக் காட்டும் ஹைட்ரோமீட்டர் வாங்கி ஒவ்வொரு செல்லாகப் பாருங்கள், ஒரு செல் மட்டும் இறங்கியிருந்தால் அதுதான் மொத்தத்தையும் இழுக்கும். டெர்மினலில் வாசலின் தடவுங்கள். கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி போடுங்கள், மூக்குக்கண்ணாடி போதாது.

கண்ணாடிமூக்கன்
அண்ணே, வண்டி என்னுடையது இல்லை. நான் சிரிக்க மட்டும்தான் செய்தேன்.

கூப்பர்டினோ ராஜி
எங்கள் ஊரில்தான் அந்த ஜீப்புக்கும் முன்னால், 1970-களின் தொடக்கத்தில், ஹார்பில்ட் என்ற மின்சார வண்டிகளை வைத்துத் தபால்துறை சோதித்தது. இங்கிலாந்தில் வீட்டுக்கு வீடு பால் ஊற்றும் வண்டி செய்தவர்கள்தான் ஹார்பில்ட். பாலுக்கும் தபாலுக்கும் கணக்கு ஒன்றுதான்: பத்தடி போய் நிற்கணும், மறுபடி பத்தடி. பெட்ரோல் வண்டி நிற்கும்போதும் எரிபொருள் குடிக்கும், இது குடிக்காது.

எதிர்வீட்டுப் பெரியவர் ஒருநாள் என் டெஸ்லாவைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். வாழ்த்தப் போகிறார் என்று நின்றேன். "எங்கள் தபால்காரர் ஐம்பது வருடத்துக்கு முன்னாலேயே இந்தத் தெருவில் ஓட்டிவிட்டார்" என்று சொல்லிவிட்டு, குப்பைத் தொட்டியை உருட்டிக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

பேட்டரி சுப்பு
டெஸ்லாவில் லித்தியம். அதற்குத் தண்ணீர் ஊற்றிவிடாதீர்கள்.