மாமி கேட்ட மூன்று கறி

ஹட்டன்காரி:
நான் தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில் பிறந்து வளர்ந்தவள். கணவர் யாழ்ப்பாணம். கல்யாணம் முடித்த புதிதில் மாமி வந்து தங்கினார். ஒரு வெள்ளிக்கிழமை காலையில், "இண்டைக்கு மூண்டு கறி வை பிள்ளை" என்றார். எங்கள் வீட்டில் கறி என்றால் இறைச்சிதான். அதுவும் ஞாயிறு, இல்லாவிட்டால் தீபாவளி. வெள்ளியும் அதுவுமாக இறைச்சியா, அதுவும் மூன்றா என்று முழித்தேன். அவர் கேட்டது பருப்பு, கத்தரிக்காய், பூசணிக்காய். உண்மையில் கறி என்றால் எது?

மாத்தளை வாத்தியார்:
இரண்டுமே சரி. ஆனால் இரண்டையும்விடப் பழைய பொருள் ஒன்று எங்கள் வீட்டு முள்முருக்கில் ஏறிக் கிடக்கிறது: மிளகு. அகநானூறு 149ஆம் பாட்டில் யவனர் கப்பல் சேரநாட்டுத் துறைமுகமான முசிறிக்குப் "பொன்னொடு வந்து கறியொடு பெயரும்". பொன்னைக் கொட்டிவிட்டு ஆட்டிறைச்சியையா ஏற்றிப் போயிருப்பார்கள்? மிளகாய் அமெரிக்காவிலிருந்து போர்த்துக்கீசர் காலத்தில்தான் நம் பக்கம் வந்தது. அதுவரை காரத்துக்கு மிளகுதான். அதனால் மிளகு போட்டுச் சமைத்ததற்கும் அந்தப் பெயரே ஒட்டிக்கொண்டது என்பார்கள். கடித்துத் தின்பதைக் 'கறித்தல்' என்பதும் உண்டு. அதிலிருந்து வந்தது என்பார் கட்சி வேறு. நான் மிளகுக் கட்சி. மிளகு விற்கிறவன் வேறு என்ன சொல்வேன்!

நுவரெலியா லொறிக்காரன்:
நான் ஏற்றுவது கரட், லீக்ஸ், கோவா. எல்லாவற்றுக்கும் பெயர் மரக்கறி. சும்மா கறி என்றாலே இறைச்சி என்று ஆனதால்தானே 'மரம்' என்று முன்னால் போட வேண்டி வந்தது? தங்கச்சி வீட்டுப் பேச்சுதான் சரி.

மாத்தளை வாத்தியார்:
அப்படியானால் யாழ்ப்பாணத்தார் 'இறைச்சிக்கறி' என்று ஏன் சொல்கிறார்கள், தம்பி? அவர்களுக்குக் கறி பொது. எதில் வைத்தது என்பது முன்னால் வரும். தமிழ்நாட்டில் சில வீடுகளில் வாழைக்காய்ப் பொரியலும் கறிதான்.

ஹட்டன்காரி:
அப்போ வெள்ளைக்காரன் சொல்லும் கறி?

மாத்தளை வாத்தியார்:
நம்முடையதுதான். போர்த்துக்கீசர் 'கரில்' என்றார்கள். 1747இல் லண்டனில் வந்த ஹன்னா கிளாஸ் அம்மையாரின் சமையல் புத்தகத்திலேயே அதற்கு ஒரு செய்முறை இருக்கிறது.

லொறிக்காரன்:
கறிவேப்பிலையிலும் மிளகு இருக்கிறதா, சேர்?

மாத்தளை வாத்தியார்:
இல்லை, கறிக்குப் போடும் வேப்பிலை, அவ்வளவுதான். 'கருவேப்பிலை' என்றும் எழுதுகிறார்கள். அதற்கு மார்க் குறைப்பதை எப்போதோ விட்டுவிட்டேன்.