கீசக வதம் 1916ஆம்!

பழைய ரீல்:
நேற்று ஒருவர் "1916லேயே கீசக வதம் என்ற மௌனப் படம் எடுத்துத் தமிழ் சினிமாவைத் தொடங்கிவைத்தார் நடராஜ முதலியார்" என்று எழுதிவிட்டுப் போயிருக்கிறார். லைக் வேறு குவிகிறது. கார் உதிரிபாகம் விற்ற முதலியார் பூனா போய் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற வெள்ளைக்கார ஒளிப்பதிவாளரிடம் கேமரா கற்று, இந்தியா ஃபிலிம் கம்பெனியைத் தொடங்கியதே 1917ல். கம்பெனிக்கு முன்னாடியே படம் வந்துவிட்டதா?

புரசை மைந்தன்:
அந்த ஒருவர் நான்தான். பெயர் சொல்லியே திட்டலாம். எத்தனையோ புத்தகத்தில் 1916 என்றுதான் அச்சாகியிருக்கிறது. தயாரிப்பு, இயக்கம், கேமரா, எடிட்டிங் எல்லாம் ஒரே ஆள். மில்லர்ஸ் ரோட்டில் தலைக்கு மேல் வெள்ளைத் துணி கட்டி, வெயிலை வடிகட்டி 6,000 அடி ஃபிலிம் எடுத்த மனுஷனிடம் போய் வருஷத்தை நோண்டுகிறீர்கள்.

பழைய ரீல்:
புத்தகத்தில் 1917ம் இருக்கிறது, 1918ம் இருக்கிறது. உங்களுக்குப் பிடித்தது மட்டும் கண்ணில் படும். ஒரே ஆளாம்! கதையமைப்புக்கு வக்கீல் ரங்கவடிவேலு உதவினார். ஃபிலிம் கழுவியது பெங்களூரில், மெட்ராஸ் சூடு தாங்காது என்று. சரி, அதெல்லாம் போகட்டும். கம்பெனி 1917. படம் எப்படி 1916?

வேலூர்க்காரன்:
முதலியார் பிறந்தது வேலூரில். அதை ஒருத்தரும் சொல்ல மாட்டீர்களே. எல்லாப் பெருமையும் மெட்ராஸுக்கே.

சும்மா வந்தவன்:
எடுத்த வருஷத்தைச் சொல்கிறீர்களா, எல்ஃபின்ஸ்டன் தியேட்டரில் வெளியான வருஷத்தையா?

புரசை மைந்தன்:
போன மாதம், முதல் தமிழ்ப் பேசும்படமான காளிதாஸில் தெலுங்கே கிடையாது என்று அடித்துப் பேசியவர்தானே பழைய ரீல்? அவர் எங்களுக்கு வரலாறு எடுக்கிறார். எங்கள் புரசைவாக்கத்தில் நடந்தது எங்களுக்குத் தெரியாதா?

பழைய ரீல்:
மில்லர்ஸ் ரோடு கீழ்ப்பாக்கம். முதலில் உங்கள் பின்கோடைப் பாருங்கள். காளிதாஸை இங்கே இழுக்காதீர்கள், அந்த இழையில் நீங்கள்தான் பதில் சொல்லாமல் ஓடினீர்கள். திரும்பக் கேட்கிறேன்: 1917ல் கம்பெனி, 1916ல் படமா?

புரசை மைந்தன்:
அந்தக் காலத்தில் அதுவும் புரசைதான் ஐயா! படத்தில் ஒரு துண்டுகூட இன்று மிஞ்சவில்லை. இவர் என்னமோ முதல் ஷோ டிக்கெட்டைக் கையில் வைத்திருப்பது போல் பேசுகிறார்.

வேலூர்க்காரன்:
அடுத்த படம் திரௌபதி வஸ்திராபகரணம். திரௌபதியாக நடித்தது மேரியன் ஹில் என்ற ஆங்கிலோ இந்தியப் பெண். அதைப் பேசலாமே?

பழைய ரீல்:
அதற்குத் தனி இழை போடுங்கள். இங்கே கேள்வி ஒன்றுதான், இன்னும் பதில் வரவில்லை. 1917ல் கம்பெனி.

புரசை மைந்தன்:
1916. லைக்கை எண்ணிப் பாருங்கள்.