படம் பார்க்கப் போய் எதுல மாட்டினீங்க? இங்க எழுதுங்க

தரை டிக்கெட்:
டெலிகிராம்ல புதுப் படம் பேர்ல ஒரு ஃபைல் சுத்துது. 2 மணி 40 நிமிஷப் படம், சைஸ் 6 எம்பி! பேரு நீளம், அதனால வால் மறைஞ்சிருக்கு. நீட்டிப் பார்த்தா எம்கேவி வீடியோ இல்ல, ஏபிகே, அதாவது ஆப் இன்ஸ்டால் பண்ற ஃபைல். திறந்ததும் எஸ்எம்எஸ் படிக்க அனுமதி கேட்குது, அடுத்து அக்சஸிபிலிட்டி (திரையைப் படிச்சு, தானே பட்டனை அழுத்துற அனுமதி). படம் ஓட்டுற ஆப்புக்கு ஓடிபி எதுக்குங்க?

ஆபரேட்டர் ரூம்:
தரை டிக்கெட், அந்த ஆப்பை எடுக்கிற வழியைச் சொல்லாம விட்டுட்டீங்களே. முதல்ல ஏரோப்ளேன் மோட். சேஃப் மோட்ல (நாம போட்ட ஆப் எதுவும் ஓடாத நிலை) ரீஸ்டார்ட் பண்ணி அக்சஸிபிலிட்டியை ஆஃப் பண்ணுங்க, டிவைஸ் அட்மின்ல (போனைக் கட்டுப்படுத்துற அனுமதி) இருந்தும் எடுத்துடுங்க, அப்புறம்தான் அன்இன்ஸ்டால். நேரா அன்இன்ஸ்டாலுக்குப் போனா பட்டனைத் தொடவே விடாது. பணம் போயிருந்தா வேற போன்ல இருந்து உடனே சைபர் மோசடி உதவி எண் 1930.

நான் பார்த்த கூத்து வேற. ஒரு தியேட்டர் பிரிண்ட்ல நாலு மூலையையும் மங்கலாக்கி வச்சிருந்தாங்க, எந்தத் தியேட்டர்ல எடுத்ததுன்னு காட்டிக்கொடுக்கிற குறி அங்கதான் இருக்குன்னு நினைப்பு. டிசிஐ (ஹாலிவுட் ஸ்டுடியோக்கள் டிஜிட்டல் தியேட்டருக்கு வச்ச விதி) முறை வாட்டர்மார்க் ஃப்ரேம் முழுக்க, கண்ணுக்குத் தெரியாம ஓடும். மொத்தம் 35 பிட்: 16 நேரத்துக்கு, 19 கருவி எண்ணுக்கு. 5 நிமிஷத் துண்டு கிடைச்சாலே எந்த ஸ்கிரீன், எந்தக் கால் மணி நேரம்னு சொல்லிடலாம். தியேட்டர்ல படத்தைத் திருட்டுத்தனமா பதிவு பண்ணினா, 2023 சினிமாட்டோகிராஃப் திருத்தச் சட்டப்படி 3 மாசத்துல இருந்து 3 வருஷம் வரை உள்ள. அபராதம் 3 லட்சத்துல ஆரம்பிச்சு தயாரிப்புச் செலவுல 5 சதவீதம் வரைக்கும் போகும்.

காசு கட்டியவன்:
சட்டம் கிடக்கட்டும் சார். எச்டி பிளான் போட்டும் போன்ல முகமெல்லாம் மெழுகு மாதிரி, 480பி தெளிவுதான் வருது. இதுக்குத் திருட்டுப் பிரிண்ட்டே தேவலை.

கடல் தாண்டி:
தேவலையா? போன்ல வைட்வைன் (படத்தைக் காப்பி அடிக்க விடாத கூகுள் பூட்டு) எல்1 தரம் இல்லாம, அதைவிடக் கீழான எல்3 இருந்தா எந்த பிளான் போட்டாலும் அவ்வளவுதான் வரும். நெட்ஃபிளிக்ஸ் ஆப் செட்டிங்ஸ்ல பிளேபேக் ஸ்பெசிஃபிகேஷன் பாருங்க, எழுதியிருக்கும். பூட்லோடர் (போனை ஆரம்பிச்சு வைக்கிற புரோகிராம்) அன்லாக் பண்ணினா பல போன்ல எல்1 போயிடும். வெளிப் பெட்டி வச்சு டிவில 4கே வேணும்னா எச்டிஎம்ஐ போர்ட்டும் நடுவுல இருக்கிற பெட்டியும் எச்டிசிபி 2.2 (கேபிள் வழியா காப்பி எடுக்க விடாத பூட்டு) ஆ இருக்கணும். ஒண்ணு பழசானாலும் போச்சு.

ஒரு படத்துக்காக வருஷச் சந்தா எதுக்கு? யூடியூப்ல வாடகைக்கு எடுங்க. 30 நாளுக்குள்ள ஆரம்பிக்கணும், ஆரம்பிச்சா 48 மணி நேரம். வெள்ளிக்கிழமை ராத்திரி பாதி பார்த்துட்டு தூங்கினா ஞாயிறு ராத்திரியோட சரி. வெளிநாட்டுல இருக்கிறவங்க விபிஎன்னோட மல்லுக்கட்ட வேண்டாம், தமிழ்ப் படம் போடுற ஆப் டென்ட்கொட்டாவும் சிம்ப்ளி சவுத்தும் அங்க ஓடுது. அதுல வர்ற பல படம் இந்தியாவுக்குள்ள கிடைக்காது, இங்க கேட்டு சண்டை போடாதீங்க.