கதைக்காக ஒரு கருவி: கண்ணுக்குத் தெரியாத சக்தியை எதை வைத்து அளப்பது?

தேக்கா வாசகன்
அனைவருக்கும் வணக்கம். சிங்கப்பூரைக் களமாகக் கொண்டு ஓர் அறிவியல் சிறுகதை எழுதி வருகிறேன். தோ பாயோவில் ஒரு மூவறை வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டில் தனியாக வாழும், பணி ஓய்வு பெற்ற ஆய்வக உதவியாளர் ஒருவர், தம் பூசை அலமாரியைச் சுற்றி இருப்பதாக அவர் நம்பும் சக்தியை அளக்கக் கருவி ஒன்றைச் செய்கிறார். செய்தி பரவி, அக்கம்பக்கத்தார் வரத் தொடங்குகிறார்கள். கதை ஓடுகிறது, கருவிதான் இடறுகிறது. சிவப்பு விளக்கு, துடிக்கும் முள் என்று நான் எழுதியவை எல்லாம் மலிவான பேய்ப்படத்தை நினைவூட்டுகின்றன. இயற்பியல் தெரிந்தவர் முகம் சுளிக்காமலும் மர்மம் கலையாமலும் இருக்க, அந்தப் பெட்டிக்குள் எதை வைக்கலாம்?

ஜூரோங் மின்பொறியாளர்
கருவி உண்மையான எதையேனும் அளக்கட்டும். அதற்கு மனிதர்கள் சொல்லும் பொருளில் மர்மம் இருக்கட்டும். பேய்களைக் கண்டறிய என்று விற்கப்படும் மீட்டர்கள் பலவும் மின்காந்தப் புலத்தை அளப்பவைதாம். நம் வீடுகளில் 50 ஹெர்ட்ஸ் மின்சாரம் ஓடுகிறது. குளிர்பதனப் பெட்டியின் மோட்டார் அருகே கொண்டுபோனாலே அளவு ஏறிவிடும். இரண்டு உலோக உருளைகளைக் கையில் கொடுக்கும் வகையோ தோலின் மின்தடையைக் காட்டுகிறது. பதற்றத்தில் உள்ளங்கை வியர்த்தால் தடை குறையும், முள் நகரும்.

ஒரு எச்சரிக்கை. வீட்டுக்குள் இருக்கும் வெடிகுண்டுப் பாதுகாப்பு அறையான பாம் ஷெல்டருக்குள் நுழைந்ததும் அளவு பூச்சியமானது என்று எழுதத் தோன்றும். கருவி வானொலி அலைகளை ஏற்பதாக இருந்தால் அது ஓரளவு பொருந்தும். தடித்த கான்கிரீட்டுக்கும் இரும்புக் கதவுக்கும் பின்னால் கைத்தொலைபேசியே திணறுகிறது. ஆனால் 50 ஹெர்ட்ஸ் காந்தப் புலத்துக்குக் கான்கிரீட் சுவர் ஒரு தடையே அன்று.

முன்னாள் இயற்பியல் ஆசிரியர்
மின்பொறியாளர் சொன்னதை ஏற்கிறேன். ஆனால் மீட்டரே வேண்டாம் என்பேன். பள்ளி ஆய்வகத்தில் நாம் பார்த்த தங்க இலை மின்காட்டியை உங்கள் கதைமாந்தர் கையில் கொடுங்கள். கண்ணாடிக் குடுவை, அதன் வாயில் மின்காப்பு அடைப்பின் ஊடே இறங்கும் பித்தளைக் கம்பி, கம்பியின் நுனியில் இரண்டு மெல்லிய தங்க இலைகள். மின்னூட்டம் பெற்றதும் இலைகள் ஒன்றையொன்று விலக்கி விரிந்து நிற்கும். மின்னூட்டம் கசியக் கசிய மெல்லத் தாழும். அந்தக் கசிவுக்கு முழுக் காரணம் என்ன என்ற கேள்வி ஒரு காலத்தில் இயற்பியலாளர்களை உண்மையாகவே அலைக்கழித்தது. ஆஸ்திரிய இயற்பியலாளர் விக்டர் ஹெஸ் 1912இல் இவ்வகைக் கருவிகளைப் பலூனில் 5,000 மீட்டருக்கும் மேலே எடுத்துச் சென்று, உயரத்தில் கசிவு கூடுவதைக் கண்டார். விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர்கள் அப்படித்தான் பிடிபட்டன. 1936இல் அவருக்கு நோபெல் பரிசும் கிடைத்தது.

இதற்கு நேர்மாறான கதையும் உண்டு. பிரான்சின் நான்சி நகரில் 1903இல் இயற்பியலாளர் பிளோண்ட்லோ அறிவித்த, உண்மையில் இல்லாத 'N கதிர்கள்', மங்கிய ஒளியின் சிறு மாற்றத்தைக் கண்ணால் மதிப்பிட்டே கண்டறியப்பட்டன. மறு ஆண்டு அங்கே போன அமெரிக்க இயற்பியலாளர் ராபர்ட் வுட், இருட்டில் கருவியின் முப்பட்டகத்தை ஓசைப்படாமல் எடுத்துவிட்டார். அதன் பிறகும் பிளோண்ட்லோ தரப்பினர் அதே அளவுகளைத்தான் வாசித்துக்கொண்டிருந்தார்கள். உங்கள் ஓய்வாளர் ஹெஸ்ஸா, பிளோண்ட்லோவா என்பதை வாசகர் கடைசிவரை ஊகித்துக்கொண்டே இருக்கலாம் அல்லவா?

தேக்கா வாசகன்
மிக்க நன்றி, ஐயா. குடுவையை வைத்துக்கொள்கிறேன். ஆனால் நம் ஊர்க் காற்றின் ஈரப்பதத்தில் அது வேலை செய்யுமா? பூசை வேளையில் இலைகள் சரிவதற்கு நம்பத்தக்க காரணம் ஏதேனும் உண்டா?

முன்னாள் இயற்பியல் ஆசிரியர்
ஈரம் மின்காப்பின் மேல் படிந்தால் சில நொடிகளில் எல்லாம் கசிந்துவிடும்; ஆகவே குளிரூட்டி ஓடும் அறையும், குடுவைக்குள் ஈரத்தை உறிஞ்சும் சிலிக்கா ஜெல் ஒரு பொட்டலமும் தேவை. உங்கள் இரண்டாவது கேள்விக்கு இயற்பியலே கைகொடுக்கிறது: தீச்சுடர் தன்னைச் சுற்றியுள்ள காற்றில் அயனிகளை, அதாவது மின்னூட்டம் கொண்ட துகள்களை, உண்டாக்கும், அவை மின்காட்டியின் மின்னூட்டத்தைப் போக்கிவிடும். பூசை முடிந்து கற்பூரத் தட்டைக் குடுவையின் தலைப்பருகே கொண்டுவரும்போது, யாரும் தொடாமலேயே இலைகள் பொத்தென்று ஒட்டிக்கொள்ளும். கூடியிருப்பவர்கள் கன்னத்தில் போட்டுக்கொள்ள வேறென்ன வேண்டும்!

ஜூரோங் மின்பொறியாளர்
இதை நான் யோசிக்கவில்லை, அருமை. அப்படியானால் வுட் செய்த வேலையை ஒரு பேத்தியிடம் ஒப்படைக்கலாம்: முகமது முஸ்தபா கடையிலோ தேக்கா சந்தையிலோ விற்கும் பேட்டரி அகல் விளக்கை அவள் ஒருநாள் தட்டில் மாற்றி வைக்கட்டும். இலைகள் அசையாது. அதற்குத் தாத்தா என்ன விளக்கம் சொல்கிறார் என்பதை எழுதுவது உங்கள் பாடு.

முன்னாள் இயற்பியல் ஆசிரியர்
எழுதும் முன் வீட்டில் செய்து பாருங்கள். தங்கத்துக்குச் செலவழிக்க வேண்டாம். மிக மெல்லிய அலுமினியத் தாளின் இரண்டு கீற்றுகள் போதும். மின்னூட்ட, துணியில் தேய்த்த பிளாஸ்டிக் அளவுகோல்.