மவாசி கெரி உயரம்: புதுப்பிப்பு

போன பதிவில் மவாசி கெரியை, அதாவது கராத்தேயில் காலைப் பக்கவாட்டில் சுழற்றி அடிக்கிற உதையை, தலை உயரத்துக்கு எடுப்பது பற்றி எழுதியிருந்தேன். கீழே வந்த கேள்விகளில் அதிகம் இதுதான்: "கால் நாரிக்கு மேல போகுதில்லை, ஊன்றின முழங்கால் நோகுது." இரண்டுக்கும் காரணம் ஊன்றுகால்.

உதைக்கும்போது ஊன்றின குதி எதிராளியைப் பார்க்குமளவுக்குத் திரும்ப வேணும். அரைகுறையாகத் திரும்பினால் இடுப்பு திறக்காது. தொடையெலும்பு இடுப்புக் குழியின் விளிம்பில் முட்டி நின்றுவிடும். பிறகு எவ்வளவு இழுத்து நீட்டியும் பலனில்லை. கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பக்கம் கிரவல் மைதானத்தில் பழகுறவர்கள் கவனியுங்கோ: வெறுங்கால் கிரவலில் பிடிபட்டு நிற்கும், உடம்பு மட்டும் சுழலும், முறுக்கு முழுதும் முழங்காலில் விழும். சீமெந்துத் தரை மண்டபம் கிடைத்தால் அங்கே போங்கோ. இல்லையென்றால் குதியைத் தூக்கி, முன்பாதத்தில் முதலே திரும்பிவிட்டு உதையுங்கோ.

பயிற்சி சலிப்பானதுதான். சுவரைப் பிடித்து, முழங்காலை மடித்து உயர்த்தி, மெதுவாக நீட்டி 3 செக்கன் நிறுத்தி, திரும்ப மடித்து இறக்குங்கோ. ஒரு பக்கத்துக்கு 5, இரண்டு சுற்று. நெகிழ்வு மட்டும் போதாது, காலைத் தூக்கிப் பிடிக்கிற இடுப்புத் தசையும் வேணும். அசையாமல் நெடுநேரம் நீட்டிப் பிடிப்பதைக் கடைசிக்கு வையுங்கோ. முதலே செய்தால் உதையின் விசை குறையும்.