சிறுவயதில் நடிக்க வந்தவர்கள் வளர்ந்த பின்

கேள்வி (திருப்பரங்குன்றம்):
என் பதினோரு வயது மகளுக்குச் சென்னையில் எடுக்கப்படும் தொடரொன்றில் நடிக்க வாய்ப்பு வந்திருக்கிறது. அவள் விரும்பிக் கேட்கும் அர்ஜென்டினப் பாடகி லாலி எஸ்போசிதோவும் சிறுமியாக நடிக்க வந்தவராம். அந்நாட்டுக் குழந்தை நடிகர்களின் வாழ்க்கை பிறகு எப்படி அமைந்தது?

பதில் 1 (கே.கே. நகர்):
ஐயா, அங்கே தயாரிப்பாளர் கிரிஸ் மொரேனா 1995 இல் 'சிக்கித்தீத்தாஸ்' தொடரைத் தொடங்கி, அதில் வளர்ந்த கமிலா போர்தோனாபா, பெஞ்சமின் ரோஹாஸ் போன்றோரையே 2002 இல் பதின்வயதினருக்கான தொடருக்கும் 'எர்ரேவே' இசைக்குழுவுக்கும் கொண்டுசென்றார். 1991 இல் பிறந்த லாலியும் 2003 முதல் மொரேனாவின் தொடர்களிலேயே படிப்படியாக வளர்ந்து, 2014 இல் தனி இசைத்தொகுப்பு வெளியிட்டார். தொடர், இசைத்தட்டு, புவெனஸ் அயர்ஸ் கிரான் ரெக்ஸ் அரங்கில் மேடை நிகழ்ச்சி என மூன்றும் சேர்ந்தே வந்ததால், புகழோடு உழைப்பும் பெருகியது. அதுதான் எனக்குக் கவலையளிக்கிறது.

பதில் 2 (மேலூர்):
நம் மதுரைக்கு இது புதிதல்ல. 1918 இல் சங்கரதாஸ் சுவாமிகள் இங்கே தொடங்கிய பால சபை என்ற சிறுவர் நாடகக் குழுவில்தான் டி.கே.எஸ். சகோதரர்கள் சிறுவர்களாகச் சேர்ந்தார்கள்.

ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் முன், மாவட்ட ஆட்சியரின் அனுமதியைத் தயாரிப்பாளர் பெற்றுவிட்டாரா என்று அவசியம் கேளுங்கள். நம் நாட்டு விதிகளின்படி குழந்தையை நாளொன்றுக்கு 5 மணி நேரத்துக்கு மேலோ, ஓய்வின்றி 3 மணி நேரத்துக்கு மேலோ நடிக்க வைக்கக் கூடாது. வருமானத்தில் குறைந்தது 20 விழுக்காட்டை அவள் பெயரிலேயே வங்கியில் வைப்புத்தொகையாகப் போட வேண்டும்.

கேள்வி கேட்டவர்:
மிக்க நன்றி. பள்ளி விடுமுறையில் மட்டும் படப்பிடிப்பு வைக்க முடியுமா என்று நாளை கேட்கிறேன்.