மரவேலிக்கு ஸ்டெயின் (மரச்சாயம்) அடிக்க எந்த ஸ்ப்ரேயர்? சனிக்கிழமைக்குள் முடிக்கணும்

பயான் பாரு புதுசு:
வணக்கம். மதுரையிலிருந்து பினாங்கு வந்து ஆறு வாரம். வாடகை வீட்டின் பின்பக்க மரவேலி வெளுத்துக் கிடந்தது, நானே பூசித் தருகிறேன் என்று வீட்டுக்காரம்மாவிடம் வாய் விட்டுவிட்டேன். செடிக்கு மருந்தடிக்கிற கைப்பம்ப் ஸ்ப்ரேயரில் ஊற்றி அடித்தேன். நாலாவது பலகையில் நாசில் அடைத்துக்கொண்டது. அடித்ததும் கோடு கோடாக வழிகிறது. பக்கத்து வீட்டு வெள்ளைக் காரில் பழுப்புப் புள்ளி வேறு. சனிக்கிழமை அந்தம்மா வருகிறார். வேறு எந்த ஸ்ப்ரேயர் வாங்கலாம்?

செந்தூல் பழைய ஆள்:
தம்பி, 2009-ல் நான் வந்தபோது ஒரே அறையில் எட்டுப் பேர். முதல் மூன்று மாதம் பாதிச் சம்பளம்தான், மாசக் கடைசியில் ரொட்டி சானாய்க்குக் குழம்பு மட்டும் இரண்டு தரம் கேட்டு வாங்கித் தின்றோம். வேலி இருக்கிற வீடே உனக்குப் பெரிசு. ஒரு ப்ரஷ் வாங்கி அடி, போதும்.

கிள்ளான் ராஜா:
ப்ரஷ்ஷில் அடித்தால் தீபாவளி வந்துவிடும். ஏர்லெஸ் மெஷினை (அதிக அழுத்தத்தில் பெயிண்ட் பீச்சும் கருவி) ஒரு நாள் வாடகைக்கு எடுங்க, அரை மணியில் முடியும். ஸ்டெயினும் ஆயில் வகையா வாங்குங்க, மரத்துக்குள் நன்றாக இறங்கும்.

புச்சோங் அக்கவுண்டண்ட்:
அது இருக்கட்டும், வாடகை ஒப்பந்தத்தில் பெயிண்ட் பற்றி என்ன எழுதியிருக்கிறது? இரண்டு மாத டெபாசிட் அவர்கள் கையில். சம்மதத்தை வாட்ஸ்அப்பிலாவது வாங்கினீர்களா?

செந்தூல் பழைய ஆள்:
டெபாசிட் திரும்பி வந்ததாக யார் சொன்னது? ஐந்து வருடம் இருந்த வீட்டில் சுவரில் ஆணி ஓட்டை என்று 800 வெள்ளி (ரிங்கிட்) பிடித்தார்கள்.

கிள்ளான் ராஜா:
உங்களுக்கு வீடாவது கிடைத்தது. 'இந்தியர் வேண்டாம்' என்று விளம்பரத்திலேயே போட்டிருந்ததைப் பார்த்துப் பார்த்து, போனில் பேரைச் சொல்லவே எனக்குக் கூச்சம் வந்துவிட்டது.

ஜெலுத்தோங் அக்கா:
அண்ணன்மாரே, பிள்ளைக்குச் சனிக்கிழமை கெடு. தம்பி, நீங்கள் அடித்தது தண்ணீர் வகையா, ஆயில் வகையா? எத்தனை பலகை? அடிக்கும்போது மரம் காய்ந்திருந்ததா?

பயான் பாரு புதுசு:
டப்பாவில் 'வாட்டர் பேஸ்ட்' (water-based), தண்ணீர் வகை என்றுதான் இருக்கிறது அக்கா. மொத்தம் 22 பலகை. நேற்று மழை விட்டதும் அடித்தேன்.

ஜெலுத்தோங் அக்கா:
அங்கேதான் கோளாறு. ஈர மரம் குடிக்காது, அதனால்தான் வழிகிறது. கைப்பம்ப், நீர்த்த ஆயில் ஸ்டெயினுக்குச் சரிவரும். கெட்டியான தண்ணீர் வகைக்கு அடைக்கத்தான் செய்யும். நாசிலைக் கழற்றி வெதுவெதுப்பான சோப்புத் தண்ணீரில் ஊறப்போட்டு, பழைய பல்துலக்கியால் தேயுங்கள். கம்பி விட்டால் துளை பெரிசாகிவிடும்.

22 பலகைக்கு ஏர்லெஸ் வேண்டாம். அதன் குழாயிலேயே எவ்வளவோ ஸ்டெயின் தங்கிவிடும், கழுவவே நேரம் போகும். பீச்சுவது விரலில் பட்டால் தோலைத் துளைத்து ஸ்டெயினை உள்ளே ஏற்றிவிடுகிற அழுத்தம், புதுக்கை தொடக்கூடாது.

இரண்டு நாள் காய விடுங்கள். சாயங்காலம் மழை வரும் போலிருந்தால் தார்ப்பாயால் மூடுங்கள். அப்புறம் பலகை மேல் ஒரு சொட்டுத் தண்ணீர் விடுங்கள். மணியாக நின்றால் தொடாதீர்கள், உறிஞ்சினால் ஆரம்பிக்கலாம். ஸ்டெயினைப் பழைய வேட்டித் துணியில் வடிகட்டி, காலையில் காற்று எழும் முன் நாசிலை ஒரு சாண் தள்ளிப் பிடித்து ஒரு பலகை மட்டும் அடியுங்கள். உடனே மேலிருந்து கீழாக ப்ரஷ்ஷால் இழுத்துவிட்டு அடுத்த பலகைக்குப் போங்கள். வழிந்து காய்ந்த கோட்டை முதலில் உப்புத்தாளால் தேயுங்கள். மாஸ்க் போடுங்கள்.

ராஜா சொன்ன ஆயில் வகையை இதன் மேல் பூசாதீர்கள், பிடிக்காது. வேறெங்காவது ஆயில் அடித்தாலும் துடைத்த துணியைச் சுருட்டிப் போடாதீர்கள், தானாகவே தீப்பிடிக்கும். விரித்துக் காயப்போடுங்கள்.

காருக்கு தின்னர் மட்டும் வேண்டாம். கார் கழுவுமிடத்தில் கிளே பார் (ஒட்டிய புள்ளியைத் தேய்த்து எடுக்கும் களிமண் கட்டி) போடச் சொல்லுங்கள். பக்கத்து வீட்டாரிடம் இன்றைக்கே போய்ச் சொல்லிவிடுங்கள்.

பயான் பாரு புதுசு:
சொல்லிவிட்டேன் அக்கா. பெரியவர் காரைச் சுற்றி வந்து பார்த்தார், சிரித்தார். தன் வீட்டு வேலியையும் காட்டினார். அது 40 பலகை.